ஆறாம் எண்ணின் தவறு

உட்காரம்மா. அந்த நாற்காலி வேண்டாம், ஒரு கால் ஆடும். இதில் உட்கார். மக்ரூன் எடுத்துக்கொள். தூத்துக்குடிப் பெண்ணுக்கு மக்ரூன் என்ன அதிசயமா என்று நினைக்கலாம். இருந்தாலும் வீட்டுக்கு வந்தவளுக்கு வேறு எதைக் கொடுப்பது? காபியும் வந்துவிட்டது, குடி.

மாரிக்கனி, முள்ளக்காடு. நீ போனில் சொன்னபோதே குறித்து வைத்துக்கொண்டேன். தமிழ்நாட்டில் பேஸ்பால் வளர்த்தவர்களைப் பற்றிச் சங்கத்தில் ஒரு மலர் போடுகிறார்கள், அது சம்பந்தமாகப் பேச வேண்டும் என்றாய். ஐம்பத்தேழு வருஷமாக யாரும் வந்து கேட்கவில்லை. கேட்டிருந்தால் சொல்லியிருப்பேன். போட்டோ இப்போது எடுக்கிறாயா, பேசி முடித்த பிறகா? பிறகு என்றால் பிறகு. எனக்கு எத்தனை பக்கம் ஒதுக்கியிருக்கிறார்கள்? சரி, சரி, அது இருக்கட்டும்.

அந்தப் போனை மேசைமேல் வை. பதிவாகிறதா? உனக்கு ஆட்டம் தெரியும், ஆனால் மலரைப் படிப்பவர்களுக்குத் தெரியாது. அதனால் எல்லாவற்றையும் முதலிலிருந்து சொல்கிறேன். நீ கொட்டாவி விடாமல் கேட்க வேண்டும்.

என் பெயர் பெர்னதெத் மச்சாது. கணிதத்தில் பி.எஸ்ஸி. முப்பத்திரண்டு வருஷம் கல்லூரி நூலகராக இருந்தேன். கல்யாணம் செய்துகொள்ளவில்லை, அதை எழுத வேண்டாம்.

அறுபத்தாறில், நான் படித்துக்கொண்டிருந்தபோது, லொரெய்ன் என்று ஓர் அமெரிக்கப் பெண் எங்கள் கல்லூரிக்கு வந்தாள். அவர்கள் நாட்டில் பீஸ் கோர் என்று ஒன்று, படித்து முடித்தவர்களை இரண்டு வருஷத்துக்கு இப்படி வெளிநாடு அனுப்புவார்கள். கோழி வளர்க்கச் சொல்லித்தர வந்தவர்கள்கூட உண்டு. இவள் உடற்பயிற்சிக்கு வந்தாள். வயது இருபத்துமூன்று. கையில் நீளமாக ஒரு கித்தான் பை. பைக்குள் மூன்று மட்டை, ஆறு பந்து, ஒன்பது தோல் கையுறை. அந்தப் பையைத் திறந்த நாள்தான் இந்த மாவட்டத்துக்கு அந்த ஆட்டம் வந்த நாள்.

அவள் சாப்ட்பால் என்றுதான் சொன்னாள். பெண்களுக்கானது, பந்து கொஞ்சம் பெரியது, கையைக் கீழாகச் சுழற்றி எறிய வேண்டும். பெயரை நம்பி, மெத்தென்று இருக்கும் என்று கையுறை இல்லாமல் பிடித்தாள் பிலோமினா. முதல் நாளே சுண்டுவிரல் வெண்டைக்காய் போல வீங்கிவிட்டது. அதற்குப் பிறகு அந்தப் பெயரை யாரும் சொல்லவில்லை. பேஸ்பால் என்றே சொன்னோம்.

மைதானத்தில் பேஸ் என்று மூன்று முனை, மட்டை பிடிக்கும் இடம் நான்காவது, அதை வீடு என்பார்கள், மூன்றையும் தொட்டு வீடு திரும்பினால் ஓர் ஓட்டம். ஒன்பது பேர் நிற்க வேண்டும். ஒவ்வோர் இடத்துக்கும் ஓர் எண். பந்து எறிபவள் ஒன்று, மட்டைக்காரிக்குப் பின்னால் குந்தியிருப்பவள் இரண்டு, இப்படிப் போகும். இரண்டாவது பேஸுக்கும் மூன்றாவது பேஸுக்கும் நடுவே நிற்கிறாளே, ஷார்ட்ஸ்டாப், அவள் எண் ஆறு. மட்டையில் பட்டுச் சீறிக்கொண்டு வருகிற பந்துகளில் பாதி அவளைத் தேடித்தான் வரும். மிக முக்கியமான இடம். அந்த இடம் முதலில் யாருக்குக் கிடைத்தது என்று நினைக்கிறாய்?

எனக்குத்தான். ஒரு வருஷம் முழுக்க ஆறாம் எண் நான்தான். என் கையுறைக்குத் தினமும் தேங்காய் எண்ணெய் தடவுவேன். தோல் கெட்டுவிடும் என்று லொரெய்ன் சத்தம் போடுவாள். ஆனால் அதற்குள் கையை விட்டால் எப்படி இருக்கும் தெரியுமா? தலை வாரிப் பின்னிவிடுகிற கையைப் பிடித்துக்கொண்ட மாதிரி.

அடுத்த வருஷம் பேச்சித்தாய் வந்து சேர்ந்தாள். உனக்கு ஆட்டம் சொல்லிக் கொடுத்த பேச்சி டீச்சர்தான். அப்போது பதினேழு வயது, ஒல்லியாக, கறுப்பாக, உப்பளத்துத் தெருவிலிருந்து கல்லூரிப் படி ஏறிய முதல் பெண். அம்மாவும் அப்பாவும் உப்பு வாருகிறவர்கள். லீவு நாளில் அவளும் போவாள். நாங்கள் அப்போது பாவாடையும் இழுத்துச் செருகிய தாவணியுமாக ஆடிக்கொண்டிருந்தோம். ஒருநாள் உருண்டு வந்த பந்து என் கால் நடுவே புகுந்து காணாமல் போயிற்று. நான் சுற்றிச் சுற்றித் தேடுகிறேன். மைதானத்து ஓரத்திலிருந்து ஒரு குரல்.

"எக்கா, வெளிய தேடாதீய. பந்து பாவாடைக்குள்ள குடியேறிட்டு!"

எல்லாரும் சிரித்தார்கள். நானும் சிரித்தேன். நன்றாகத்தானே சொன்னாள்.

லொரெய்ன் அவளைக் கூப்பிட்டு ஒரு பந்தைத் தரையோடு அடித்தாள். பேச்சி குனிந்தாள். நாங்கள் எல்லாம் குனிந்தால் கும்பிடுகிற மாதிரி இருக்கும். அவள் குனிந்தது உப்பு வாரும் பலகையைப் பிடித்து நாள் முழுக்க நிற்கிறவள் குனிகிற குனிவு. காலை அகட்டி, இடுப்பை இறக்கி, கண்ணை மட்டும் தூக்கி. சாண் அகல வரப்பில், வழுக்குகிற வரப்பில், ஓடிப் பழகிய கால் வேறு. பந்து போகும் இடத்துக்கு அவள் முன்கூட்டியே போய்விடுவாள். இதையெல்லாம் நான் மறைக்கிறவள் இல்லை. எழுதிக்கொள், நன்றாக ஆடுவாள்.

அதற்கு மறுநாள் லொரெய்ன் என்னைத் தனியாகக் கூப்பிட்டாள். "பெர்னி, உன் கையெழுத்து எவ்வளவு அழகு! இந்த ஆட்டத்துக்கு நல்ல ஸ்கோரர் கிடைப்பது எவ்வளவு அபூர்வம் தெரியுமா?" என்றாள். அதைச் சொல்லும்போதே என் கையிலிருந்து கையுறையைக் கழற்றிக்கொண்டிருந்தாள்.

நான் வருத்தப்படவில்லை. அதையும் எழுதிக்கொள்.

கையுறைக்குப் பதிலாக ஒரு நோட்டும் ஒரு பென்சிலும் கொடுத்தாள். இதோ, இந்தப் பென்சில்தான். கரும்பச்சை. அவள் ஊரிலிருந்து கொண்டுவந்தது. இப்போது கட்டைவிரல் நீளம்தான் இருக்கிறது, அப்போது முழுசாக இருந்தது. நுனியில் ரோஸ் நிற ரப்பர் இருக்கிறதே, அதை நான் ஒருநாளும் தொட்டதில்லை. பார்த்து எழுதுகிறவளுக்கு ரப்பர் எதற்கு? என் நோட்டில் ஓர் அடித்தல் கிடையாது, ஓர் அழித்தல் கிடையாது. மதுரையிலிருந்து வந்த டீச்சர்கள் கையில் வாங்கி, ஏதோ எம்பிராய்டரியைப் பார்ப்பது போலப் பார்ப்பார்கள்.

பேச்சிக்கு என் கையுறை. முதல் நாளே மோந்து பார்த்துவிட்டுக் கேட்டாள், "எக்கா, இதுக்குள்ள எதையும் தாளிச்சியளா?" அவளுக்கு வாய் அப்படி. மனசில் ஒன்றும் கிடையாது. எனக்கும் மனசில் ஒன்றும் கிடையாது.

இப்போது முக்கியமான விஷயத்துக்கு வருகிறேன். ஸ்கோரர் என்றால் ஓட்டத்தை எண்ணுகிறவள் என்று ஜனங்கள் நினைக்கிறார்கள். அதைக் கோழி வளர்க்க வந்தவர்கள்கூடச் செய்துவிடுவார்கள். ஒருத்தி பந்தை அடித்துவிட்டு முதல் பேஸுக்கு ஓடிச் சேர்ந்துவிட்டாள் என்று வைத்துக்கொள். அது அடித்தவளின் திறமையா, பிடிக்க வேண்டியவளின் தவறா? நடுவர் அதைச் சொல்ல மாட்டார். அவருக்கு அவுட்டா இல்லையா, அவ்வளவுதான். திறமையா தவறா என்று தீர்ப்பு எழுதுகிறவள் ஸ்கோரர். திறமை என்றால் ஹிட். ஒன்று போட்டுப் பக்கத்தில் ஒரு 'பி'. தவறு என்றால் 'ஈ' போட்டு, தவறியவளின் எண். ஈ ஆறு என்றால் ஆறாம் எண்ணின் தவறு.

எப்படித் தீர்மானிப்பது? விதிப் புத்தகத்தில் ஒரு சொல் இருக்கிறது. சாதாரண முயற்சி. சாதாரண முயற்சி செய்திருந்தால் பிடித்திருக்கலாம் என்றால், தவறு. இல்லையென்றால், ஹிட். லொரெய்ன் சொன்னபோதே அந்தச் சொல் எனக்குப் பிடித்துப்போயிற்று. யோசித்துப் பார், இந்த வயது வரைக்கும் எத்தனை பேரிடம் அதையாவது எதிர்பார்க்க முடிந்தது?

நான் எழுதுவதால் ஆட்டத்தின் முடிவு மாறாது. அதுதான் அதன் அழகு. ஓட்டம் ஓட்டம்தான், தோல்வி தோல்விதான். யார் பெயரில் விழுகிறது என்பது மட்டும் மாறும்.

பேச்சி எங்கள் வீட்டுக்கு வருவாள். ஒவ்வோர் ஆட்டம் முடிந்ததும் நோட்டைப் பார்க்க ஆசைப்படுவாள். இந்த அறையில்தான் உட்காருவாள், இந்தப் பக்கம், கதவோரமாக. எங்கள் வீட்டில் வித்தியாசம் பார்ப்பது கிடையாது. அப்பாவுக்கு மூன்று வள்ளம் ஓடியது. கடலில் இறங்கிவிட்டால் எல்லாரும் ஒன்று என்பார். பேச்சிக்குக் காபி கொடுக்க அம்மா ஒரு கோப்பையே தனியாக எடுத்து வைத்திருந்தாள். கொழும்பிலிருந்து வந்த பீங்கான், நீலப் பூப் போட்டது. எங்களில் ஒருவரும் அதில் குடிக்க மாட்டோம். அவளுக்கென்று அத்தனை கவனிப்பு. ஒருநாள் அதைத் திருப்பித் திருப்பிப் பார்த்துவிட்டு, "இந்தக் கோப்பைக்கு என்னைய விட்டா வேற ஆளு கெடையாதோக்கா?" என்று கேட்டாள். பெருமையாக இருந்திருக்கும், பாவம்.

நீ ஏன் கோப்பையைக் கீழே வைத்துவிட்டாய்? ஆறிவிட்டதா? ஆமாம், அதே கோப்பைதான். கண்ணாடி அலமாரியில் அப்படியே இருந்தது. முள்ளக்காட்டிலிருந்து நீ வருகிறாய் என்றதும் எடுத்துக் கழுவி வைத்தேன். சரி, வேண்டாம் என்றால் விடு.

அறுபத்தெட்டு, ஆடி மாதம். மாநில அணிக்கு ஆள் எடுக்க எங்கள் ஊரில் மூன்று நாள் போட்டி வைத்தார்கள். அணியில் இடம் கிடைத்தால் தேசியப் போட்டிக்கு ஜெய்ப்பூர் போகலாம். ஜெய்ப்பூர் போனவளை ரயில்வேயில் வேலைக்குக் கூப்பிடுவார்கள் என்று பேச்சு. பேச்சிக்கு ஜெய்ப்பூர் எந்தத் திசையில் இருக்கிறது என்றுகூடத் தெரியாது. வேலைதான் கண்ணில் நின்றது. அவள் அம்மாவுக்குப் பார்வை மங்கிக்கொண்டு வந்தது. வெள்ளை உப்பில் வெயில் பட்டால் எப்படிக் கூசும் என்று உனக்கு நான் சொல்ல வேண்டாம். "வேல மட்டும் கெடச்சிட்டுன்னா எங்கம்மைய மறுநாள் உப்புல எறங்க விடமாட்டேங்க்கா" என்பாள். உப்புப் பாத்தியிலிருந்து அம்மாவைக் கையைப் பிடித்துக் கூட்டி வருவதை நடித்தே காட்டுவாள்.

ஆறாம் எண்ணுக்கு ஒருத்திதான் வேண்டும். போட்டியில் இருந்தவர்கள் இரண்டு பேர். இவள் ஒருத்தி, மதுரைக் கல்லூரியின் சுலோசனா ஒருத்தி. சுலோசனா நல்ல பெண். மூன்று நாளும் அவள் காலுறையில் அழுக்குப் படவில்லை. நின்ற இடத்துக்கு வருகிற பந்தைப் பிடிப்பாள். இரண்டடி தள்ளிப் போகிற பந்தைப் பார்த்துக்கொண்டு நிற்பாள். தொடாத பந்துக்குத் தவறு கிடையாது, அது ஹிட். விதி அப்படி. பேச்சி ஐந்தடி தள்ளிப் போகிற பந்துக்கும் பாய்வாள். பாதியைப் பிடித்துவிடுவாள். மீதியில் ஒன்றிரண்டு விரலில் பட்டுத் தெறிக்கும். பட்டுவிட்டதே, அப்படியானால் பிடித்திருக்கலாமே? ஈ ஆறு.

நீ முகத்தைச் சுளிக்கிறாய். லொரெய்னும் சுளித்தாள். "அவள் போயிருக்காவிட்டால் அது ஹிட்தானே, பெர்னி?" என்றாள். போனாளே, மிஸ், என்றேன்.

சென்னையிலிருந்து தேர்வுக்கு வந்தவர் கோதண்டபாணி என்று ஒருவர். கறுப்புக் கண்ணாடி போட்டிருப்பார். முதல் நாள் ரயில் தாமதம், வரவில்லை. இரண்டாம் நாள் வெயில் தாங்காமல் பந்தலில் உறங்கினார். மூன்றாம் நாள் இறுதி ஆட்டம், எங்களுக்கும் மதுரைக்கும். அன்று காலையில் வந்து என் நோட்டைப் புரட்டினார். "முத்து முத்தா இருக்கேம்மா. இது போதும் எனக்கு" என்றார். ஆளுக்கு இரண்டு தவறு என்று எண்ணினார். "இப்படியே முடிஞ்சா உங்க ஊர்ப் பொண்ணு. மட்டையும் நல்லாப் பிடிக்குது. இல்லேன்னா யார் பேர்ல குறைச்சலோ அவங்க" என்றார். என்னிடம் மட்டும் சொல்லவில்லை, பேச்சியும் நின்றுகொண்டிருந்தாள்.

ஆட்டம் தொடங்க மைதானத்துக்குள் இறங்கும்போது என் மேசையைத் தாண்டிப் போனாள். சந்தோஷத்தில் இருந்தாள். என் கையுறையை விரலில் மாட்டிச் சுழற்றிக்கொண்டே சொன்னாள். "எக்கா, நல்லா எழுதுங்க. ஒங்களுக்குக் கால் ஓடாட்டாலும் பென்சிலாவது ஓடுதே!"

மதுரைப் பெண்களும் சிரித்தார்கள். கோதண்டபாணி சிரித்தார். நானும் சிரித்தேன். ஒரு வாய்ப் பேச்சுக்கெல்லாம் மனசில் இடம் கொடுக்கிற வீட்டில் நான் வளரவில்லை. காலை எட்டு இருபதுக்குச் சொன்னாள். மேகம் இல்லை. தெற்கிலிருந்து காற்று.

கடைசி இன்னிங்ஸ். இரண்டு பக்கமும் சமம். மதுரைக்காரி ஒருத்தி மூன்றாவது பேஸில் நிற்கிறாள். இரண்டு பேர் அவுட். ஆடிக் காற்றில் பக்கத்து அளத்து உப்புப் பொடி பறந்து உதட்டில் கரிக்கிறது. சுலோசனாதான் மட்டை பிடிக்கிறாள். அடித்தாள். பந்து பேச்சிக்கும் மூன்றாம் பேஸுக்கும் நடுவே, தலை உயரத்துக்கு, துப்பாக்கியிலிருந்து போகிற மாதிரி போயிற்று. அதைப் பிடிக்கப் பிறந்தவள் அந்த மைதானத்தில் இல்லை. பேச்சி தாவினாள். முழு உடம்பும் தரையை விட்டு எழும்பிப் படுக்கையாக நின்றது. கையுறை நுனியில் பந்து பட்டது. ஒரு கணம் நின்றது, அம்மா, நான் பார்த்தேன், ஒரு கணம் நின்றது. பிறகு விழுந்தது.

மூன்றாம் பேஸில் நின்றவள் வீடு வந்து சேர்ந்தாள். நாங்கள் ஓர் ஓட்டத்தில் தோற்றோம்.

ஈ ஆறு என்று எழுதினேன். மூன்றாவது தவறு. கோதண்டபாணி எட்டிப் பார்த்துவிட்டு, சுலோசனாவின் பெயருக்கு நேரே ஒரு கோடு இழுத்தார்.

பேச்சி வந்தாள். முழங்கை தோல் உரிந்து ரத்தம். நோட்டைப் பார்த்தாள். கெஞ்சவும் இல்லை, திட்டவும் இல்லை. ஸ்கோரரிடம் வாதாடக் கூடாது என்று லொரெய்ன் சொல்லிக் கொடுத்திருந்தாள். கையுறையைக் கழற்றி, தாவணியால் மண்ணைத் துடைத்து, என் மேசைமேல் வைத்தாள். "இந்தாங்கக்கா, ஒங்க கையுறை." அவ்வளவுதான். பொங்கல் வரைக்கும் கல்லூரிக்கு வந்தாள். அதற்குப் பிறகு அம்மாவின் பாத்தியில் அவள் இறங்கினாள் என்று கேள்விப்பட்டேன்.

சுலோசனா ஜெய்ப்பூர் போனாள். அங்கே ஆட விடவில்லை, பெஞ்சில் உட்கார வைத்தார்கள். ஆனால் ரயில்வே வேலை கிடைத்தது. டிக்கெட் கவுன்டரில் முப்பத்தாறு வருஷம் இருந்தாள். தீபாவளிக்கு வாட்ஸ்அப்பில் வாழ்த்து அனுப்புவாள், பூப் படம் போட்டு.

பேச்சி பிறகு உங்கள் ஊர்ப் பள்ளிக்கூடத்தில் சத்துணவு சமைக்கச் சேர்ந்ததும், மழை மாதத்தில் அளத்தில் தண்ணீர் நின்று வேலை ஓய்ந்திருக்கும்போது உப்பளத்துப் பெண்பிள்ளைகளைச் சேர்த்து ஆட்டம் சொல்லிக் கொடுத்ததும் எனக்குத் தெரியாது என்று நினைத்தாயா? பேப்பரில் வந்த ஒவ்வொன்றையும் வெட்டி வைத்திருக்கிறேன். பழைய ரப்பர் செருப்பை வெட்டிக் கையுறை தைத்தாளாம். சமையல்கட்டுச் சுவரில் ஒவ்வொரு பெண்ணின் பெயரையும் எழுதிக் கரிக்கோடு போடுவாளாம். பிடித்த பந்துக்கு இல்லை, தொட்ட பந்துக்கு. கையை விட்டு விழுந்தாலும் ஒரு கோடு உண்டு. "தொடுட்டீ, மத்தத நான் பாத்துக்கிடுதேன்" என்பாளாம். அந்தச் சுவரிலிருந்து பதினான்கு பேர் மாநிலத்துக்கு ஆடியிருக்கிறீர்கள். மூன்று பேர் நாட்டுக்கு. நீ எந்தக் கணக்கு, பதினான்கா மூன்றா? மூன்றா! சந்தோஷம்.

இப்போது ஒன்று சொல்கிறேன், தப்பாக எடுத்துக்கொள்ளாதே. அன்றைக்கு நான் ஹிட் என்று எழுதியிருந்தால் என்ன ஆகியிருக்கும்? பேச்சி ரயில்வேக்குப் போயிருப்பாள். கவுன்டருக்குள் உட்கார்ந்து, சில்லறை இல்லை என்று சொல்லிக்கொண்டிருந்திருப்பாள். அந்தச் சுவர் இல்லை. அந்தக் கோடுகள் இல்லை. நீ இல்லை. நான்தான் உங்களை உண்டாக்கினேன் என்று சொல்லவில்லை. ஆனால் பேஸ்பாலை வளர்த்தவர்கள் என்று ஒரு மலர் போட்டால், ஒரு பென்சிலுக்கும் அதில் ஓரமாக இடம் உண்டா இல்லையா? நீயே சொல்.

என்ன, மலரில் பேச்சி இல்லையா? மாநில அணிக்கு ஆடியவர்களை மட்டும்தான் போடுவார்களா? அப்படி விதி வைத்திருக்கிறார்களா? விதி என்றால் விதிதான், அம்மா. நான்கூட ஆடவில்லையே, என்னை எப்படி...

ஓ.

நீ என்னைப் பற்றி எழுத வரவில்லை.

நோட்டுக்காக வந்திருக்கிறாய். அதைப் போனிலேயே சொல்லியிருக்கலாம். சொன்னால் வர விட்டிருக்க மாட்டேன் என்று நினைத்தாயா? புத்திசாலி. சேலை மாற்றிக்கொண்டு உட்கார்ந்திருக்கிறேன் பார்.

நோட்டு இங்கேதான் இருக்கிறது. என் மடியில், இந்தத் துண்டுக்குள். நீ வந்ததிலிருந்து இங்கேதான். எதற்கு வேண்டும்? தகுதி இருந்தும் விட்டுப்போனது என்று காட்டினால் விதியில் இடம் உண்டா? இதில் என்ன காட்ட முடியும்? ஈ ஆறு என்று இருக்கிறது. முத்து முத்தாக இருக்கிறது.

என்ன சொன்னாய்? மறுபடி சொல்.

பேச்சியா சொன்னாள்? அழித்த தடம் இருக்கும் என்றா? அவளுக்கு எப்படித் தெரியும்? அவள் மண்ணில் விழுந்து கிடந்தாள். விழுந்து கிடந்தபடியே மேசையைப் பார்த்தாளா. என் கையில் பென்சில் தலைகீழாகத் திரும்பியதைப் பார்த்தாளா.

தலைகீழாக.

ஐம்பத்தேழு வருஷம் பார்த்துக்கொண்டே இருந்தாளா, அம்மா? யாரிடமும் சொல்லாமலா? அவள் சுவரில் கோடு போட்டது அதை வைத்துத்தானா?

வேறு என்ன சொல்லி அனுப்பினாள்? அவள் சொன்ன மாதிரியே சொல். "தொட்டேன், விட்டேன், அது நெசம். அந்தக்கா மொதல்ல என்ன எழுதுனாவன்னு மட்டும் தெரிஞ்சாப் போதும்." இவ்வளவுதானா? மலரைப் பற்றி ஒன்றும் சொல்லவில்லையா? மலர் உங்கள் ஆசைதானா? அவள் ஏன் தானே வரவில்லை? ஓ. அவளுக்கும் மங்கிவிட்டதா. வலது கண்ணுமா? நீ படித்துச் சொன்னால்தான் உண்டா.

உப்பு யாரையும் விடாது.

இந்தா, எடுத்துக்கொள். கடைசிப் பக்கத்துக்கு முந்தின பக்கம். அந்தக் கட்டம்தான். ஜன்னல் பக்கம் போய்ச் சாய்த்துப் பிடி. நேராகப் பிடித்தால் தெரியாது, சாய்வாக வெளிச்சம் விழ வேண்டும். எனக்கு எப்படித் தெரியுமா? நூலகத்தில் வேலை பார்த்தவளுக்குத் தெரியாதா. வருஷத்துக்கு ஒருமுறை, அந்தத் தேதியில், எடுத்துப் பார்ப்பேன். இரண்டு வருஷமாக என் கண்ணுக்குப் பிடிபடவில்லை. மறைந்துவிட்டது என்றே நினைத்தேன். நிம்மதியாக இருந்தது என்றுகூடச் சொல்லலாம்.

உனக்குத் தெரிகிறதா?

சத்தமாகச் சொல். போனில் பதிவாகட்டும்.

ஒன்று. பக்கத்தில் பி.

ஆமாம். பந்து தரையில் விழுவதற்குள் என் கை அப்படித்தான் எழுதியது. கை நல்ல கை. அதற்குப் பிறகு அவள் மண்ணில் கிடந்தபடியே கையுறையைத் தட்டினாள். எண்ணெய் வாசனை அங்கிருந்து வந்த மாதிரி இருந்தது. அவ்வளவு தூரத்திலிருந்து வர முடியாதுதான். பென்சிலைத் திருப்பிப் பிடித்தேன். நான்கு தேய்ப்பு. நான்கே நான்கு. அந்த ரப்பர் ஒரு பக்கம் மட்டும் சாய்ந்திருக்கிறதே, வந்ததிலிருந்து நீ அதைத்தானே பார்த்துக்கொண்டிருக்கிறாய்? எனக்குத் தெரியாது என்று நினைக்காதே.

இப்போது மாற்ற முடியாது, அம்மா. ஸ்கோரர் தன் தீர்ப்பை மாற்ற ஆட்டம் முடிந்து ஒரு நாள்தான் அவகாசம் என்று லொரெய்ன் சொல்லியிருக்கிறாள். அந்த ஒரு நாளும் நான் இந்த அறையில் கதவைச் சாத்திக்கொண்டு இருந்தேன். காய்ச்சல் என்று சொல்லிவிட்டேன்.

தவறு என்று எழுதிக் கையெழுத்துப் போட்டுத் தரவா? யாருடைய தவறு என்று எழுதுவது? ஈ போட்டுப் பக்கத்தில் ஓர் எண் போட வேண்டும். ஒன்று முதல் ஒன்பது வரைதான் எண். எல்லாரும் அதற்குள்தான். எழுதுகிறவளுக்கு எண் கிடையாது. நானும் எத்தனையோ தடவை யோசித்துப் பார்த்துவிட்டேன், அவளுக்கு இந்த நோட்டில் ஒரு கட்டம்கூடக் கிடையாது.

என்ன செய்கிறாய்? பக்கத்து ஓரத்தைக் காட்டுகிறாயா. ஓரத்தில் இடம் இருக்கிறதா. அதற்கு ஏன் என் பென்சிலை என்னிடமே நீட்டுகிறாய்?

கொடு. இந்த வயதில் எழுத்து கோணலாக வரும். பரவாயில்லையா?